ராமாத்தாவின் குரலில் பேசிய எருமை

கடிதத்தின் உறைமேல் என் பெயருக்குக் கீழே ‘படத்தொகுப்பாளர் (ஓய்வு)’ என்று டைப் அடித்திருந்தார்கள். எனக்கு முப்பத்திரண்டு வயது. இடுப்பில் எட்டு மாதக் குழந்தை, அடுப்பில் பால். இரண்டாவது பிள்ளைக்காக வேலையை விட்ட ஒருத்தியை வேறு எப்படிக் குறிப்பிடுவது என்று அவர்களுக்குத் தெரியவில்லை போலிருக்கிறது. என் கணவர் உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “பென்ஷன் எப்பங்க அம்மணி வரும்?” என்று கேட்டார்.

கோவையில் புதிதாக ஆரம்பித்திருக்கும் கம்ப்யூட்டர் எடிட்டிங் வகுப்பிலிருந்து வந்த கடிதம் அது. ஆண்டு மலருக்கு அனுபவக் கட்டுரை கேட்டிருந்தார்கள். “தாங்கள் தொகுத்த பால் சங்க ஆவணப்படத்தில், ஒரு கிராமத்துப் பெண்மணியின் குரலுக்கு எருமையின் முகத்தைப் பொருத்திய காட்சியை எங்கள் வகுப்பில் பாடமாக நடத்துகிறோம். அந்த அரிய யோசனை எவ்வாறு தோன்றியது என்பதை மாணவர்களுக்கு விளக்கவும்” என்று எழுதியிருந்தார்கள்.

இரண்டு வாரம் யோசித்தேன். உண்மையை எழுதினால் என் மேலாளர் மணி சார் சங்கடப்படுவார். எழுதாவிட்டால் ஒரு வகுப்பே தப்பாகப் படிக்கும். கல்லூரி ரெக்கார்டு நோட்டில்கூட நான் அளவை மாற்றி எழுதியதில்லை. பக்கத்து மேசைக்காரி மாற்றி எழுதி என்னைவிட அதிக மார்க் வாங்கினாள். இந்த முறையும் மாற்றாமல் எழுதுகிறேன். மார்க் போடுவது உங்கள் இஷ்டம்.

நான் வேலை கற்றுக்கொண்ட கதை சுருக்கமானது. பி.எஸ்ஸி. பௌதிகம் படித்தேன். கல்யாணமாகிப் பெரியநாயக்கன்பாளையம் வந்தேன். மகள் சௌமியாவுக்கு ஒரு வயதானபோது, இரண்டு தெரு தள்ளி இருந்த வீடியோ ஸ்டுடியோவின் கதவில், ‘படித்த பெண் தேவை. கையெழுத்து நன்றாக இருக்க வேண்டும்’ என்று எழுதி ஒட்டியிருந்தார்கள். அந்த அறிவிப்பின் கையெழுத்தைப் பார்த்தபோதே அவர்களுடைய அவசரம் புரிந்தது. முதல் ஆறு மாதம் கேசட்டுகளுக்கு லேபிள் எழுதினேன். அடுத்த ஆறு மாதம், எந்தக் கேசட்டில் எத்தனையாவது நிமிடத்தில் என்ன இருக்கிறது என்று பட்டியல் எழுதினேன். பிறகு ஒருநாள் மணி சாருக்குக் கழுத்துப் பிடித்துக்கொண்டது. எடிட்டிங் நாற்காலியில் என்னை உட்காரச் சொன்னார். கழுத்து சரியான பிறகும் நான் எழுந்திருக்கவில்லை.

ஸ்டுடியோ மாடியில் இருந்தது. கீழே லேத் பட்டறை. அவர்கள் பெரிய லேத்தை ஓட்டினால் மேலே எங்கள் டிவியில் இருப்பவர்களின் தலை ஒருபக்கமாக இழுபடும். வோல்டேஜ் இறங்குகிறது என்று அர்த்தம். நாங்கள் கல்யாண வீடியோ எடுப்பதில்லை. பம்புசெட் எப்படிச் செய்கிறார்கள், பருத்தியில் புழு எப்படி வருகிறது, பள்ளிப் பிள்ளைகள் எப்படிப் பல் தேய்க்க வேண்டும் என்பது போன்ற படங்கள் எடுப்போம். பல் தேய்க்கும் படத்தைத் தொகுத்த மாதம் நான் சௌமியாவை நாளைக்கு நான்கு முறை பல் தேய்க்க வைத்தேன். என் தொழிலால் அவள் பட்ட முதல் கஷ்டம் அது.

மணி சாரின் முழுப்பெயர் தெய்வசிகாமணி. தீவிரமான பகுத்தறிவுக்காரர். “எடிட்டருங்க நானு. பேருல வேண்டாததை மொதல்ல வெட்டிப்போட்டேன்” என்பார். படத்தைப் பார்க்கும் விதமே தனி. முதலில் கண்ணை மூடிக்கொண்டு சத்தத்தை மட்டும் கேட்பார். பிறகு சத்தத்தை அணைத்துவிட்டுப் படத்தை மட்டும் பார்ப்பார். மூன்றாவது முறைதான் எல்லோரையும் போலப் பார்ப்பார். ஒவ்வொரு ஷாட்டிலும் நிறுத்தி, “ஏனுங்க அம்மணி, இந்த ஷாட்டுக்கு இங்க என்ன வேலைங்க?” என்று கேட்பார். வேலையில்லாத ஷாட் அவர் கண்ணில் வேலையில்லாமல் வீட்டில் உட்கார்ந்திருக்கும் மாப்பிள்ளை மாதிரி.

கடுமையாக ஒரு வார்த்தை பேசத் தெரியாதவர். “ரொம்ப நல்லா இருக்குதுங்க” என்றால் ஒரு இடம் சரியில்லை. “பரவாயில்லீங்க” என்றால் முதலிலிருந்து செய்ய வேண்டும். “சித்த டீ குடிச்சுட்டு வாங்க” என்றால் வீட்டுக்குப் போய் அழுதுவிட்டு நாளைக்கு வரலாம். இந்த மரியாதையால் அவருக்கு ஒரு குறையும் உண்டு: கெட்ட செய்தியை நேரில் சொல்ல வராது. அந்தக் குறைதான் எங்களை ஆனைமலை வரை இழுத்துக்கொண்டு போனது.

இன்றைய மாணவர்களுக்காக எந்திரத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். எங்களுக்கு எந்திரங்கள் இரண்டு. இடதுபக்கத்தில் இருப்பது கேமராவில் எடுத்த மூலக் கேசட்டை ஓட்டும். வலதுபக்கத்தில் இருப்பது அதைப் பார்த்துப் புதுக் கேசட்டில் பதிவு செய்யும். மணி சார் முதல்நாள் சொன்னது: “இடது குடுக்குமுங்க, வலது முழுங்குமுங்க. மூலத்தை மட்டும் வலதுல போட்டுறாதீங்க.” படத்தை மட்டும் பதியலாம், சத்தத்தை மட்டும் பதியலாம், இரண்டையும் சேர்த்தும் பதியலாம். பதிந்தால் முன்பு இருந்தது போனது போனதுதான். உங்கள் கம்ப்யூட்டரில் ஒரு விசையைத் தட்டினால் செய்த தப்பு திரும்பி வந்துவிடுமாமே. அந்த விசை எங்களுக்கு இருந்திருந்தால் இந்தக் கட்டுரை இல்லை.

எங்களுக்கு இருந்தது ஒரு சிவப்புப் பொத்தான். கேசட்டின் அடிப்பக்கத்தில் சின்னதாகச் செருகியிருக்கும். அதைப் பிடுங்கிவிட்டால் அந்தக் கேசட்டில் எதுவும் பதியாது. வலது எந்திரத்தில் தவறிப்போய்ப் போட்டாலும் அது வாயை மூடிக்கொள்ளும். மூலக் கேசட் கைக்கு வந்ததும் பொத்தானைப் பிடுங்குவது என் வேலை. பிடுங்கினோமா என்று சாப்பாட்டுக்கு முன் ஒருமுறை, பின் ஒருமுறை தடவிப் பார்ப்பேன். பிடுங்கிய பொத்தான்களை ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு வைத்திருந்தேன்.

இனி அந்தப் படம். அன்னூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் பெண்களே நடத்தும் பால் சங்கம் இருந்தது. பால் வண்டி நேரத்துக்கு வருவதில்லை. வெயில் காலத்தில் சாயங்காலப் பால் கெட்டுப்போய்க்கொண்டே இருந்தது. பாலைக் குளிர வைக்கும் எந்திரம் ஒன்று கேட்டு மனுப் போட்டிருந்தார்கள். இரண்டு வருடமாக அந்த ஃபைலைப் பால்வளத் துறை அதிகாரி திறக்கவில்லை. ஒரு தொண்டு நிறுவனம் இதைப் படமாக எடுத்து, சங்கத்தின் ஆண்டு விழாவில் அந்த அதிகாரியையே உட்காரவைத்துக் காட்டலாம் என்று ஏற்பாடு செய்தது. மனுவைத்தான் படிக்காமல் வைக்க முடியும். மாலை போட்டு முன்வரிசையில் உட்காரவைத்துக் காட்டும் படத்தைப் பார்க்காமல் இருக்க முடியாது.

சங்கத் தலைவி ராமாத்தா. ஐம்பது வயதுக்கு மேல். பெரிய கொண்டை, அதில் தினமும் கனகாம்பரம். மற்ற பெண்கள் கேமராவைக் கண்டாலே முந்தானையால் வாயை மூடிக்கொண்டார்கள். ராமாத்தா மட்டும் கேமராவையே அதிகாரியாக நினைத்துக்கொண்டு ஒன்றரை நிமிடம் நிறுத்தாமல் பேசினார். படம் மொத்தமும் அந்த ஒன்றரை நிமிடத்தின் மேல்தான் நின்றது. எங்கள் கேமராக்காரர் அதே நாளில், மோர் குடிக்கப் போன இடத்தில் கேமராவை அணைக்க மறந்துவிட்டார். அதன் எதிரே கட்டியிருந்த எருமையின் முகம் மட்டும் மிக நீளமாக இன்னொரு கேசட்டில் பதிவாகியிருந்தது. என் பட்டியலில் அதற்கு எதிரே, ‘எருமை. அசை போடுகிறது. இன்னும் அசை போடுகிறது’ என்று எழுதியிருந்தேன்.

சௌமியாவுக்கு அப்போது மூன்று வயது. பகலில் அவளைப் பார்த்துக்கொள்ளும் பக்கத்து வீட்டு பிலோமினா அக்கா ஒருநாள் ஊருக்குப் போயிருந்ததால், அவளை ஸ்டுடியோவுக்குக் கூட்டிப் போனேன். மேசைக்கு அடியில் சத்தமே இல்லாமல் விளையாடினாள். சத்தமில்லாத பிள்ளையைச் சந்தேகிக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். மூன்று முறை குனிந்தும் பார்த்தேன். மூன்று முறையும் கேசட் பெட்டிகளுக்கு நடுவே சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். அவள் அங்கே செய்தது இதுதான்: ஹார்லிக்ஸ் பாட்டிலைத் திறந்து, ஓட்டை தெரிந்த ஒவ்வொரு கேசட்டிலும் ஒரு சிவப்புப் பொத்தானைச் செருகி வைத்தாள். ஒன்றுகூட விடவில்லை. என்னைப் போலவே பொறுப்பான பிள்ளை.

மறுநாள் இடது எந்திரத்தில் படம் மங்கலாக வந்தது. அதைத் துடைத்துக் காயவிட்டிருந்த நேரத்தில், ராமாத்தாவின் கேசட்டை ஒருமுறை பார்த்துவிடலாம் என்று வலது எந்திரத்தில் போட்டேன். பொத்தான்தான் இல்லையே என்ற தைரியம். பார்த்து முடித்ததும் மறுபடி அவர் பேச ஆரம்பிக்கும் இடத்துக்கே திருப்பி நிறுத்தினேன். இடது காய்ந்ததும் அதில் எருமைக் கேசட்டைப் போட்டேன். படத்தை எருமையிலிருந்து தொடங்கலாம் என்று மணி சார் சொல்லியிருந்தார். வலதில் புதுக் கேசட் இருப்பதாக நினைத்து, படம் மட்டும் பதியும்படி அழுத்தினேன். அழுத்திய அதே நொடியில் ஃபோன்.

பிலோமினா அக்கா. “கண்ணு, பதறாதீங்க. பாப்பா என்னமோ செவப்பா வாயில போட்டு முழுங்கிப்போட்டா.”

எனக்கு ஹார்லிக்ஸ் பாட்டில்தான் கண்முன் வந்தது. திரும்பிப் பார்த்தேன். நிறைய இருந்த பாட்டில் பாதி காலி. எந்திரத்தை நிறுத்தவில்லை, செருப்பும் போடவில்லை, இரண்டு தெருவும் ஓடினேன். சௌமியா வாசற்படியில் உட்கார்ந்து நாக்கை நீட்டிக் காட்டினாள். சிவந்திருந்தது. தேன்மிட்டாய்.

திரும்பி வந்தபோது மணி சார் எந்திரத்தின் முன் கைகட்டி நின்றுகொண்டிருந்தார். வலது எந்திரம் முழுங்கி முடித்திருந்தது. டிவியில் எருமையின் முகம். அதன் வாய் அசைகிறது. குரல் ராமாத்தாவுடையது.

“ஆபீசருங்க வருவாங்க, பாப்பாங்க, டீ குடிப்பாங்க, போயிருவாங்க. நாங்க நின்ன எடத்துலயேதான் நிக்கறமுங்க.”

எருமை நின்ற இடத்திலேயே நின்று எங்களைப் பார்த்தது.

மணி சார் எந்திரத்தை நிறுத்தினார். பிறகு, “அம்மணி, சித்த டீ குடிச்சுட்டு வாங்க” என்றார்.

நான் டீ குடிக்கப் போகவில்லை. அங்கேயே அழுதேன். பொத்தான் இருந்ததை அவரிடம் காட்டினேன். அதைப் போட்டது யார் என்று இருவருக்குமே தெரிந்தது. அந்த வாரம் முழுதும் குரலுக்கு மேல் வேறு படங்களைப் போட்டுப் பார்த்தோம். பால் கேன், புல்லுக்கட்டு, வண்டி வராத தார் ரோடு. ஒவ்வொன்றையும் மணி சார் மூன்று முறை பார்த்துவிட்டு, “மொகமில்லாத பேச்சை ரேடியோன்னு நெனச்சு ஆபீசர் தூங்கிருவாருங்க” என்றார். மறுபடி எடுப்பதைத் தவிர வழியில்லை. சங்கத்துக்கு ஃபோன் செய்து, “ஒரு சின்ன விசயமுங்க, அந்தப் பேச்சை மட்டும் இன்னொருக்கா எடுத்துக்கலாமுங்களா” என்று கேட்டார்.

மறுநாள் காலை ராமாத்தாவே பஸ் ஏறி ஸ்டுடியோவுக்கு வந்துவிட்டார். முந்தானையால் தலையை மூடியிருந்தார். நாற்காலியில் உட்கார்ந்து முந்தானையை எடுத்தார். மொட்டை. சந்தனம் பூசிய பளபளப்பான மொட்டை.

“படம் நல்லபடியா முடியோணும்னு பழனிக்கு வேண்டியிருந்தேனுங்க. நீங்கதான் பொட்டியெல்லாம் கட்டி வண்டியில ஏத்திட்டீங்களேன்னு, முந்தாநாளு போயி முடியெறக்கிட்டு வந்துட்டேன்.”

“படம் இன்னும் முடியலீங்களே” என்றார் மணி சார்.

“கேமராவக் கட்டிக்கிட்டுப் போனீங்களே?”

“அது எடுக்கறதுங்க. படம் அதுக்கப்புறம் இங்க உக்காந்து பண்றதுங்க.”

ராமாத்தா எங்கள் இரண்டு எந்திரங்களையும் என்னையும் பார்த்தார். “அப்ப மூணு வாரமா ரெண்டு பேரும் இந்தக் கட்டடத்துல உக்காந்து இதைத்தான் பண்ணிக்கிட்டிருக்கீங்களா?” என்று கேட்டார். என் தொழிலைப் பற்றி அதற்குமுன் யாரும் அவ்வளவு நேராகக் கேட்டதில்லை. என் மாமியார்கூட.

முன்னும் பின்னும் கொண்டையோடு இருப்பவர் நடுவில் ஒன்றரை நிமிடம் மட்டும் மொட்டையோடு பேசினால் அதிகாரி பேச்சைக் கேட்க மாட்டார். முந்தானையால் மூடிக்கொள்ளலாமா என்று நான் கேட்டேன். “முருகனுக்குக் குடுத்ததை மூடி மறைக்கப்படாதுங்க அம்மணி” என்றார். பிறகு மணி சாரிடம் திரும்பி, “மொதல்ல எடுத்தது எங்கீங்க போச்சு?” என்றார்.

இதற்கு ஒரே ஒரு பதில்தான் உண்டு. அதைச் சொல்லத்தான் மணி சாருக்கு வராது. என்னைப் பார்த்தார், மேலே ஓடும் ஃபேனைப் பார்த்தார், “திருட்டுப் போயிருச்சுங்க” என்றார்.

ராமாத்தா எழுந்து நின்றார். “அடுத்த வாரம் அமாவாசைங்க. ஆனைமலைக்குப் போயி மாசாணியம்மனுக்கு மொளகா அரைச்சுப் பூசிட்டு வாரேன். அந்தக் கேசட்டுல யாரு கை பட்டுச்சோ அந்தக் கை எரியட்டும்.”

அவர் படியிறங்கிப் போனதும் மணி சார் சிரித்தார். “மொளகா அரைச்சா மொளகாதானுங்க அரையும். வேலையப் பாருங்க.”

நான் பௌதிகம் படித்தவள். மிளகாயை ஆனைமலையில் அரைத்தால் பெரியநாயக்கன்பாளையத்தில் கை எரிய எந்த விதியும் இல்லை என்று தெரியும். ஆனால் யாருடைய கை பட்டது என்று வரிசையாக எண்ணிப் பார்த்தேன். பதியும் விசையை அழுத்தியது என் கை. அது எரிந்தால் எரியட்டும். அதற்கு முன்னால் பட்டது மூன்று வயதுக் கை. அன்று சாயங்காலமே அந்தக் கையில் இரண்டு சிவந்த புள்ளிகள் தெரிந்தன. கொசுக்கடி என்று நானே சொல்லிக்கொண்டு எண்ணெய் தடவினேன். மறுநாள் மூன்று புள்ளி. டாக்டரிடம் காட்டினேன். அவர் கொசுக்கடி என்று சொல்ல என்னிடம் ஃபீஸ் வாங்கினார். “அமாவாசை கழிஞ்சு ஒருக்கா வந்து காட்டட்டுங்களா?” என்று கேட்டேன். எதற்கு அமாவாசை என்று அவருக்குப் புரியவில்லை. வீட்டில் என் கணவர், “பௌதிகத்துல மொளகாய்க்குச் சூத்திரம் ஏதும் இல்லீங்களா?” என்று கேட்டார்.

அமாவாசையன்று வயிற்றுவலி என்று மணி சாருக்குச் சொல்லி அனுப்பிவிட்டு, சௌமியாவைத் தூக்கிக்கொண்டு உக்கடம் போய்ப் பொள்ளாச்சி பஸ் பிடித்தேன். ராமாத்தா அரைப்பதற்குள் போய் உண்மையைச் சொல்லிவிட வேண்டும். வேலை போனால் போகிறது. அங்கே பஸ் மாறி ஆனைமலையில் இறங்கினால் கூட்டமான கூட்டம். வரிசையில் எனக்கு முன்னால், தலையில் துண்டைப் போட்டுக் கறுப்புக் கண்ணாடியும் மாட்டிய ஒருவர் குனிந்தபடி நின்றார். கையில் தேங்காய்த் தட்டு. அந்தக் கழுத்தை எனக்குத் தெரியும். ஒருமுறை பிடித்துக்கொண்ட கழுத்து.

“சார்.”

மணி சார் மெதுவாகத் திரும்பினார். “வயித்துவலி எப்படீங்க அம்மணி இருக்குது?”

“பரவாயில்லீங்க சார். நீங்க எங்கீங்க இங்க?”

“லொகேஷன் பாக்கலாம்னு வந்தேனுங்க.” தட்டைப் பார்த்தார். “தட்டு ஒருத்தரு புடிச்சுக்கச் சொன்னாருங்க.”

அதற்குமேல் இருவரும் ஒன்றும் கேட்டுக்கொள்ளவில்லை. அரைக்கும் இடத்தைத் தேடிப் போனோம். ஆட்டுக்கல்களைச் சுற்றிப் பெண்கள். காரம் காற்றிலேயே இருந்தது, எல்லோரும் இருமிக்கொண்டிருந்தார்கள். கடைசிக் கல்லில் ராமாத்தாவின் மொட்டை தெரிந்தது. மிளகாய் பாதி அரைபட்டுவிட்டது.

மணி சார் தொண்டையைச் செருமினார். “ஒரு சின்ன விசயமுங்க” என்று ஆரம்பித்து, மழை பெய்யுமா என்று கேட்டார். அவரை நம்பிப் பயனில்லை. நான் சௌமியாவை இறக்கிவிட்டு, மூச்சுவிடாமல் சொன்னேன். திருட்டு இல்லை, என் கைதான் அழித்தது, அதற்கு முன்பு பொத்தானைப் போட்டது இந்தக் கை என்று அவளுடைய உள்ளங்கையைப் பிடித்து நீட்டினேன். “எனக்கு என்ன வேணும்னாலும் வேண்டிக்குங்க. இவளை மட்டும் விட்டுருங்க.”

ராமாத்தா குழவியை நிறுத்தினார். சௌமியா அவரை நோக்கி ஓரடி வைத்ததும், இரண்டு கைகளையும் சட்டென்று பின்னால் கொண்டுபோனார். “கிட்ட வராத கண்ணு, அம்மாயி கையெல்லாம் காரம்.” பிறகு என்னிடம், “அப்ப நான் பேசுனது மொத்தமும் போச்சுங்களா?” என்றார்.

“பேச்சு அப்படியே இருக்குதுங்க. மொகந்தான் போச்சு.”

“மொகத்துக்குப் பதிலா என்ன இருக்குது?”

மணி சார் மறுபடி வானத்தைப் பார்த்தார். “எருமைங்க” என்றேன்.

ராமாத்தா இதை யோசித்தார். “யாரு ஊட்டு எருமை?”

“தெரியலீங்க. ஒரு கொம்பு மட்டும் உள்பக்கமா வளைஞ்சிருக்கும்.”

“அது எங்கூட்டு எருமைதானுங்க” என்றார். முகம் தெளிந்துவிட்டது. “பக்கத்தூட்டுதா இருந்திருந்தா உங்களை உட்டிருக்க மாட்டேன்.”

மணி சார் அப்போதுதான் வாயைத் திறந்தார். “திருட்டுன்னு நான்தானுங்க பொய் சொன்னேன். மன்னிச்சுப்போடுங்க.”

“நீங்க தட்டோட வந்து நின்னப்பவே தெரிஞ்சுபோச்சுங்க” என்று சொல்லிவிட்டு ராமாத்தா மறுபடி அரைக்க ஆரம்பித்தார். நான் சௌமியாவைத் தூக்கிக்கொண்டேன். அவர் நிமிர்ந்து பார்க்காமலே சொன்னார். “அரைச்சதை ஊட்டுக்குத் திருப்பி எடுத்துட்டுப் போகப்படாதுங்க. உங்க பேருக்கில்லீங்க, பயப்படாதீங்க. ஆளை மாத்திக்கறேன்.” அள்ளிக்கொண்டு போய், பொருளைத் தொலைத்தவர்கள் நியாயம் கேட்டு மிளகாய் பூசும் நீதிக்கல்லின் மேல் பூசினார். பக்கத்தில் நான் நின்றேன். ஒவ்வொரு சொல்லையும் காதில் வாங்கினேன். “தாயே, இது திருடனுக்குன்னு கொண்டாந்தது. திருடன் கெடையாதாம். ரெண்டு வருசமா எங்க மனுவைப் பாக்காம இருக்கற ஆபீசருக்குக் கண்ணைத் தொறந்து உடு.”

அடுத்த வாரம் ஸ்டுடியோவுக்கு வந்து அந்த ஒன்றரை நிமிடத்தைப் பார்த்தார். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு முதுகு குலுங்கச் சிரித்தார். இரண்டாவது முறை போடச் சொல்லிப் பார்த்தார். மூன்றாவது முறை சிரிக்கவில்லை. “இது இப்படியே இருக்கட்டுமுங்க” என்றார்.

மணி சாருக்கு மனம் ஒப்பவில்லை. எவ்வளவோ யோசித்துவிட்டு, வழக்கமான கேள்வியைக் கேட்டார். “ஏனுங்க, இந்த ஷாட்டுக்கு இங்க என்ன வேலைங்க?”

“அதுக்கா? நாளைக்கு ஏழு லிட்டரு கறக்குதுங்க. உங்க படத்துல வர்றவங்கள்ல வேலை செய்யறது அது ஒண்ணுதான்.”

அவ்வளவுதான், மாணவர்களே. அந்த அரிய யோசனை தோன்றிய விதம் இது. ராமாத்தாவின் குரல், ராமாத்தாவின் எருமை, ராமாத்தாவின் முடிவு. என் பங்கு, செருப்புப் போடாமல் இரண்டு தெரு ஓடியது.

ஆண்டு விழாவன்று சங்கக் கட்டடத்தில் பெஞ்சுகளைப் போட்டு, மேசைமேல் டிவியை வைத்தார்கள். அதிகாரி மாலையோடு முன்வரிசையில் உட்கார்ந்தார். அவருக்குப் பின்னால் மொட்டையில் லேசாக முடி முளைத்த ராமாத்தா. நான் சுவரோரமாகச் சௌமியாவை மடியில் வைத்துக்கொண்டு, எந்த நொடியிலும் எழுந்து ஓடத் தயாராக உட்கார்ந்திருந்தேன். எருமை வந்தது. “நாங்க நின்ன எடத்துலயேதான் நிக்கறமுங்க” என்றது. ஒரு சத்தமும் இல்லை. சங்கப் பெண்கள் அதிகாரியின் பின்மண்டையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் தொழில் முடிந்தது என்று நினைத்தேன்.

அப்போது எருமை திரையில் காதை ஆட்டியது. “எத்தனை தடவை மனுக் குடுக்கறதுங்க? கேட்டுக் கேட்டு வாய் வலிக்குது” என்று அசை போட்டுக்கொண்டே சொன்னது. அதிகாரியின் தோள் குலுங்கியது. அடக்கப் பார்த்தார், முடியவில்லை. வாய்விட்டுச் சிரித்தார். சிரித்துச் சிரித்து, கைக்குட்டையை எடுத்துக் கண்ணைத் துடைத்தார். மறுபடி துடைத்தார். கண் இரண்டும் சிவந்து, நீர் கொட்டிக்கொண்டே இருந்தது.

பெண்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். ராமாத்தா கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

படம் முடிந்ததும் அதிகாரி பக்கத்தில் இருந்த எழுத்தரிடம், “அந்த ஃபைல் எங்க இருக்குதுன்னு நாளைக்கு எடுத்து வையுங்க” என்றார். அடுத்த வெயிலுக்கு முன்னால் பாலைக் குளிர வைக்கும் எந்திரம் வந்து சேர்ந்தது. படத்தின் புதுமையான உத்தியைப் பாராட்டி அவர் மணி சாரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். மணி சார் எதையும் மறுக்கத் தெரியாத மனிதர். “எல்லாம் உங்க ஆசீர்வாதமுங்க” என்று சொல்லிவிட்டார். உங்கள் வகுப்புப் பாடம் அங்கேதான் ஆரம்பித்தது.

பஸ்ஸுக்காக ரோட்டோரம் நின்றபோது மணி சார் தானாகப் பேச்செடுத்தார். “சிரிச்சா கண்ணுல தண்ணி வருமுங்க அம்மணி. ஒடம்போட கூறு அது. மொளகாய்க்கும் அதுக்கும் சம்பந்தமில்லீங்க.”

“ஆமாங்க சார்.”

கொஞ்ச தூரத்தில் பஸ் வெளிச்சம் தெரிந்தது. அவர் குரலைத் தாழ்த்தினார். “அன்னைக்கு அந்தம்மா ஆளை மாத்தினப்ப நீங்க பக்கத்துலதானே நின்னீங்க? சரியா மாத்திட்டாங்கதானுங்களே?”

“மாத்திட்டாங்க சார். என் காதுல கேட்டேன். ஏனுங்க?”

வலது உள்ளங்கையை விரித்து, பஸ் வெளிச்சத்தில் எனக்குக் காட்டினார். “ரெண்டு நாளா அரிக்குதுங்க.”

வீட்டுக்கு வந்ததும் தூங்கிக்கொண்டிருந்த சௌமியாவின் இரண்டு கைகளையும் சோப்புப் போட்டு இன்னொரு முறை கழுவினேன்.